ஆயுத பூசையன்று அணைந்த கார் விளக்கு

வேலாத்தாள் பயந்தாங்கொள்ளி என்பது ராயபுரத்தில் நாலு வீதிக்கும் தெரிந்த சமாசாரம். பல்லி சத்தம் போட்டால் நின்ற இடத்திலேயே நின்றுவிடுவாள். பூனை குறுக்கே போனால் போகிற வேலையை விட்டுவிட்டு வீட்டுக்குத் திரும்பிவிடுவாள். தந்திக்காரன் சைக்கிள் வீதிக்குள் நுழைந்தாலே, யார் வீட்டுக்கு என்னவோ என்று இவள் கதவைச் சாத்திக்கொள்வாள். கேலி செய்யாத வாய் கிடையாது. ஆனால் கேலி செய்த யாருக்கும், அவள் ஒரு ஆயுத பூசையன்று செய்த காரியத்தைச் செய்கிற நெஞ்சுரம் இருந்திருக்காது. அதையும் சேர்த்துச் சொல்லிவிட வேண்டும். இல்லாவிட்டால், பாவம், பயந்தாங்கொள்ளி என்ற பேர் மட்டுந்தான் அவளுக்கு மிஞ்சும்.

அவள் பிறந்தது கொமரலிங்கத்தில். அமராவதித் தண்ணீர் பாயும் வயலில் நாற்று நட்டுக்கொண்டிருந்தவளை மடத்துக்குளத்துக் கன்னையனுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். கன்னையன் லாரியில் கிளீனராக ஏறி, லைசென்ஸ் வாங்கி, திருப்பூர் ராயபுரத்தில் ஆறுமுகசாமி என்கிற பனியன் கம்பெனி முதலாளியிடம் கார் டிரைவராகச் சேர்ந்திருந்தான். முதலாளி வீட்டார் தலைமுறை தலைமுறையாகத் தறி நெய்தவர்கள். முருகா என்று சொல்லாமல் வாயில் ஒரு மடக்குத் தண்ணீர் ஊற்றமாட்டார்கள். ஆறுமுகசாமி தறியை விட்டுப் பனியன் மிஷினுக்கு மாறினார், அது கைகொடுத்தது, பழைய மாரிஸ் கார் ஒன்றை வாங்கி வீட்டுக்குப் பின்னால் ஷெட் போட்டு நிறுத்தினார். ஷெட்டுச் சுவரோடு ஒட்டி ஓட்டுச் சாய்ப்பு இறக்கிய ஒற்றை அறை ஒன்று இருந்தது. கன்னையனுக்கும் வேலாத்தாளுக்கும் அதுதான் ஊடும் வாசலும். பகலெல்லாம் அவள் அங்கே உட்கார்ந்து, கம்பெனியிலிருந்து வரும் பனியன்களில் நீட்டிக்கொண்டிருக்கும் நூல் பிசிறை வெட்டிக் கொடுப்பாள்.

அந்த அறையில் குடியேறிய நாள் முதல் அவளுக்கு ஒரே ஒரு பயந்தான் பெரிய பயம். மற்றதெல்லாம் அதன் குட்டிகள். அந்தப் பயத்துக்குப் பேர் சென்னிமலை.

மலையைச் சொல்லவில்லை. மலையின் பேரை வைத்துக்கொண்டிருந்த ஆள். கன்னையனுக்கு முன்னால் அந்தக் காரை ஓட்டிக்கொண்டிருந்தவர். ஆயுத பூசையன்று மிஷினையும் காரையும் கழுவித் துடைத்து, சந்தனம் குங்குமம் வைத்துப் பூசைக்குப் போட்டுவிட்டால், மறுநாள் விஜயதசமிக் காலையில் நல்ல நேரம் பார்த்து எடுக்கிற வரைக்கும் யாரும் கை வைக்கக் கூடாது. எடுக்கும்போது செல்ஃப் ஸ்டார்ட்டரைத் தட்டிய மாத்திரத்தில் கார் கிளம்ப வேண்டும். நாலு சக்கரத்துக்கடியிலும் எலுமிச்சம்பழம் வைத்திருப்பார்கள், அதை நசுக்கிக்கொண்டு நகர வேண்டும். அப்போதுதான் வருஷம் பூராவும் யாபாரம் தடையில்லாமல் ஓடும். சென்னிமலை எடுத்த வருஷம் கார் கனைத்துக் கனைத்து நின்றுபோயிற்று. அந்த வருஷமே முதலாளியின் தம்பி மஞ்சள் காமாலையில் போய்ச் சேர்ந்தார். காருக்கும் காமாலைக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்க அந்த வீட்டில் ஒரு ஆள் இல்லை. கைராசி இல்லாதவன் என்று சொல்லி டிரைவரை அனுப்பிவிட்டார்கள்.

வேலை போனால் இன்னொரு வேலை. ராசியில்லாத கை என்ற பேர் வந்தால் என்ன செய்வது? அந்தப் பேர் சென்னிமலைக்கு முன்னால் ஒவ்வொரு கம்பெனி வாசலுக்கும் போய் நின்றுகொண்டது. எவரும் அவரை ஸ்டியரிங்கைத் தொட விடவில்லை. பெண்டு பிள்ளைகளோடு ஷெட்டு அறையைக் காலி செய்துவிட்டு, ரயிலடி கூட்ஸ் ஷெட்டில் பேல் மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார். சந்தைக்குப் போகிற வழியில் வேலாத்தாளின் கண்ணில் அவர் படுவார். முதுகு வளைந்து, கழுத்து நரம்பு புடைத்து, வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டு போவார். அவர் பெண்டாட்டி எரித்த அடுப்பில்தான் இப்போது நாம் சோறாக்குகிறோம் என்று இவள் தலையைக் குனிந்துகொண்டு நடப்பாள். தன் புருஷன் கைக்கு ஒரு சொல் வந்துவிடக் கூடாது முருகா என்று அப்போதெல்லாம் வேண்டிக்கொள்வாள். வேறு எதுவும் அவள் சாமியிடம் கேட்டதில்லை.

நாம் சொல்லவந்த ஆயுத பூசையன்று விடியற்காலையிலேயே வேலாத்தாள் வீட்டுக்குத் தூரமாகிவிட்டாள். முதலாளியின் சம்சாரம் ஞானாம்பாள் அந்த விஷயத்தில் நெருப்பு. பூசை முடிகிற வரைக்கும் அறையை விட்டுத் தலை வெளியே தெரியக் கூடாது, ஷெட்டுப் பக்கம் நிழல்கூடப் படக் கூடாது என்று காலையிலேயே ஆளனுப்பிச் சொல்லிவிட்டாள். வேலாத்தாளும் தட்டு, டம்ளர், பாயோடு மூலையில் ஒதுங்கிக்கொண்டாள்.

கன்னையன் காரைப் பளபளவென்று துடைத்து, முகப்பு சுவர்ப் பக்கம் பார்க்க ஷெட்டுக்குள் விட்டான். அந்தச் சுவரில்தான் முருகன் படம் மாட்டியிருந்தது. சாவியைப் பூசைத் தட்டில் வைத்தான். மடத்துக்குளத்தில் அவனுடைய அம்மா காய்ச்சலாகக் கிடந்ததால் பார்த்துவிட்டு வர உத்தரவு கேட்டிருந்தான். நோம்பி நாளில் பஸ் கூட்டமாக இருக்கும், பூசை முடிகிற வரை நிற்க வேண்டாம், காலையில் நேரத்தோடு வந்துவிடு என்று முதலாளியே சொல்ல, பொரிகடலையை மடியில் வாங்கிக்கொண்டு தீபாராதனைக்கு முன்பே கிளம்பிவிட்டான்.

பூசையை வேலாத்தாள் பார்க்கவில்லை, கேட்டாள். மணி அடிப்பது, தேங்காய் உடைவது, சாம்பிராணிப் புகை எல்லாம் சுவரைத் தாண்டி வந்தது. படம் இருட்டாகத் தெரிகிறது, கார் லைட்டைப் போடுங்கள், முருகன் முகம் பளிச்சென்று தெரியட்டும் என்று ஞானாம்பாள் சொன்னது காதில் விழுந்தது. முதலாளி தம் கையாலேயே லைட்டைப் போட்டார் போலிருக்கிறது. சுவருக்கும் ஓட்டுக்கும் நடுவே இருந்த இடைவெளி வழியாக வெளிச்சம் புகுந்து, வேலாத்தாளின் தலைக்கு மேலே மூங்கில் வரிச்சலில் வந்து உட்கார்ந்தது. இருந்த இடத்திலிருந்தே அவள் கும்பிட்டுக்கொண்டாள். ஒதுங்கிக் கிடந்தவளைத் தேடிக்கொண்டு முருகனே ஒரு பங்கு அனுப்பிவைத்த மாதிரி இருந்தது அவளுக்கு.

பூசை முடிந்தது. பொரியும் சுண்டலும் பங்கு போட்டார்கள். ஒறம்பரை சனமெல்லாம் வந்திருந்த சந்தடியில் ஷெட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு எல்லோரும் பெரிய வீட்டுக்குப் போய்விட்டார்கள். வெளியே நல்ல வெயில். கதவு சாத்திய ஷெட்டுக்குள், வாழைக்கன்றுக்கும் மாலைக்கும் நடுவில் கார் விளக்கு எரிந்துகொண்டே இருந்தது.

வேலாத்தாளுக்கு மட்டுந்தான் அது தெரியும். அவள் அதை மறதி என்று நினைக்கவில்லை. எப்படி நினைப்பாள்? சாமிக்கு முன்னால் முதலாளி தம் கையால் ஏற்றிய விளக்கு. நாளைக்குக் காரை எடுக்கிற வரைக்கும் எரியட்டும் என்று விட்டுப்போயிருக்கிறார்கள் என்றுதான் அவள் புத்திக்குப் பட்டது. அணையா விளக்கு என்று கோயிலில் வைப்பதில்லையா, அந்த மாதிரி. எண்ணெயில்லாமல், திரியில்லாமல் எரிகிறதே என்று நாள் பூராவும் அதை நிமிர்ந்து நிமிர்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

பொழுது சாய்ந்தபோதுதான் அவள் அதைக் கவனித்தாள். வரிச்சலில் விழுந்திருந்த வெளிச்சம் வெள்ளையாக இல்லை. மஞ்சளித்துப் போயிருந்தது. கண்ணைக் கசக்கிக்கொண்டு பார்த்தாள். இன்னும் கொஞ்ச நேரத்தில் அது சிவந்தது.

விளக்கு சாகப்போகிறது. அதற்குப் பிறகு அவளுக்கு உட்கார முடியவில்லை. பூசை விளக்கு தானாக அணைந்தால் என்ன ஆகும் என்று அவளுக்கு யாரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை. சும்மா வீட்டு மாடத்து விளக்கே அணையக் கூடாது. இது கார் விளக்கு. கன்னையனின் கை படுகிற காரின் விளக்கு. நாளைக்கு விடிந்தால் அவன்தான் அதை எடுக்க வேண்டும். கூட்ஸ் ஷெட்டில் பேல் தூக்குகிறவரின் முதுகு அவள் கண்முன்னால் வந்து நின்றது. அந்த முதுகுக்கு மேலே கன்னையனின் தலை தெரிந்தது.

முதலாளியிடம் சொல்லிவிடலாம் என்று வாசற்படி வரைக்கும் வந்தாள். பெரிய வீட்டுக் கொல்லையில் கை கழுவ வந்த ஞானாம்பாள் அவளைப் பார்த்துவிட்டாள். "ஏம்புள்ளே, இன்னிக்கு உனக்கு வாசல்ல என்ன வேலை? உள்ளுக்குப் போ" என்றாள். அதட்டக்கூட இல்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள். சொல்ல வந்ததை விழுங்கிக்கொண்டு வேலாத்தாள் உள்ளே வந்துவிட்டாள். கொஞ்சம் தைரியமான பெண்ணாக இருந்தால் நின்ற இடத்திலிருந்தே கத்திச் சொல்லியிருப்பாள். அப்படிச் சொல்லியிருந்தால் நமக்கு இந்தக் கதையே கிடையாது.

விளக்கு மங்கினால் எண்ணெய் ஊற்ற வேண்டும். அந்த அளவுக்கு அவளுக்கு விவரம் தெரியும். கார் விளக்குக்கு எண்ணெய் எது என்பதும் அவளுக்குத் தெரிந்திருந்தது, அதுதான் வினை. பேட்டரிதான் லைட்டுக்கு உசுரு, அதில் தண்ணி வற்றினால் லைட்டு மங்கிப்போகும் என்று கன்னையன் சொல்லக் கேட்டிருக்கிறாள். அவன் பானெட்டைத் தூக்கிவிட்டு, மூடிகளைத் திருகி எடுத்து, பாட்டிலிலிருந்து தண்ணீர் ஊற்றும்போது அரிக்கேன் பிடித்துக்கொண்டு பக்கத்தில் நின்றிருக்கிறாள். அந்தப் பாட்டிலும் அவர்கள் அறையிலேயே, அவள் தலைமாட்டிலேயே இருந்தது. அறையிலிருந்து ஷெட்டுக்குள் போக ஒரு சின்னக் கதவும் இருந்தது.

அந்தக் கதவுக்கு முன்னால் அவள் எவ்வளவு நேரம் நின்றாளோ. தூரத்தோடு பூசை போட்ட இடத்துக்குள் கால் வைத்தால் கண் அவிந்துபோகும், குலம் அற்றுப்போகும் என்று சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவள். அவளுக்குப் போக்கிடம் இல்லை. உள்ளே போனால் சாமி குத்தம். போகாவிட்டால் விளக்கு அணையும், புருஷன் கை கெட்டுப்போகும். தனக்கு வருவது வரட்டும் என்று கதவைத் தள்ளிவிட்டாள். இதற்கு என்ன பேர் வைப்பது என்று அவளைக் கேலி செய்தவர்கள்தான் சொல்ல வேண்டும்.

உள்ளே போனதும் முதலில் படத்தைத்தான் பார்த்துத் தொலைத்தாள். செம்மண் நிறத்து வெளிச்சத்தில் முருகன் முகம் வேறு யாரோ முகம் மாதிரி இருந்தது. "சாமீ, நீ சித்தெ அந்தப் பக்கம் பாத்துக்க" என்று முணுமுணுத்தாள். பானெட்டின் மேலே கிடந்த செவ்வந்தி மாலையை நகர்த்தியபோது நூல் அறுந்து பூ உதிர்ந்தது. ஐயோ என்று வாயைப் பொத்திக்கொண்டாள். கொக்கியைத் தேடிப் பிடித்துத் தூக்கினாள். மூடிகளைத் திருகி மடியில் போட்டுக்கொண்டு, ஒவ்வொரு ஓட்டையாகத் தண்ணீரை ஊற்றினாள். கை நடுங்கிய நடுக்கத்தில் நிறைந்தது தெரியவில்லை. பேட்டரி வழிந்தது. வழிந்தது விரலில் பட்டது, சேலையில் பட்டது. பாட்டில் காலியாகிற வரைக்கும் ஊற்றினாள்.

எரியும் முருகா, எரியும் முருகா என்று விளக்கையே பார்த்துக்கொண்டு நின்றாள். சிவப்பு இன்னும் சுருங்கிற்று. நெருப்புக் குச்சியின் நுனி அளவுக்கு ஆயிற்று. பிறகு அதுவும் இல்லை. ஷெட்டு இருண்டுபோயிற்று.

தொட்டோம், அணைந்தது. இதுதான் அவளுக்கு விளங்கிற்று. இருட்டில் மூடிகளை எப்படித் திருகினாள், பானெட்டை எப்படி இறக்கினாள், அறைக்கு எப்படி வந்தாள் என்று பிற்பாடு அவளுக்கே நினைவில்லை. விரல் நமநமவென்று எரிந்தது. சாமி அங்கிருந்தே ஆரம்பித்துவிட்டது என்று கையைச் சேலையில் சுருட்டிக்கொண்டு, விடிகிற வரைக்கும் கண்ணை மூடவில்லை. மூடினால் மறுபடி திறக்குமோ என்னவோ என்று பயம்.

காலையில் கன்னையன் முதல் பஸ்ஸில் வந்து இறங்கினான். அம்மாவுக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது என்ற சந்தோஷத்தில் இருந்தான். ஏனுங்க, சித்தெ இருங்க என்று வேலாத்தாள் ஆரம்பித்தாள். அவன் தலையில் தண்ணீரை ஊற்றிக்கொண்டே, நேரமாச்சு, வந்து கேட்கிறேன் என்று ஓடினான். அதற்குள் முதலாளி வீட்டார், மகள் சாரதாமணி, கம்பெனி ஆட்கள் எல்லோரும் ஷெட்டு வாசலுக்கு வந்துவிட்டார்கள். வேலாத்தாள் அறைக் கதவை ஒருக்களித்து வைத்துக்கொண்டு அதன் பின்னால் நின்றாள்.

பூ உதிர்ந்து கிடந்ததைப் பார்த்து ஞானாம்பாள் முகம் சுளித்தாள். எலி ஓடியிருக்கும் என்றார் முதலாளி. எலுமிச்சம்பழம் வைத்தார்கள். தட்டிலிருந்து சாவியை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டு கன்னையன் ஏறி உட்கார்ந்தான். செல்ஃபை இழுத்தான்.

கட் என்று ஒரு சத்தம். அவ்வளவுதான். மறுபடி இழுத்தான். அந்தச் சத்தமும் வரவில்லை.

வேலாத்தாள் கதவை இறுகப் பிடித்துக்கொண்டாள். கன்னையன் குனிந்து ஸ்டியரிங்குக்குப் பக்கத்தில் எதையோ பார்ப்பதும், ஒரு விரலால் அதை உள்ளே தள்ளுவதும், பிறகு தலையைத் தூக்கி முதலாளியைப் பார்ப்பதும் கதவிடுக்கில் அவளுக்குத் தெரிந்தது. முதலாளியும் அவனைப் பார்த்தார். கன்னையன் இறங்கி, ஹேண்டிலை எடுத்து முன்னால் சொருகிச் சுற்றினான். சுற்றிச் சுற்றித் தோள் கழன்றதுதான் மிச்சம். இஞ்சின் ஒரு தும்மல் போடவில்லை.

"இவன் கையும் அப்படித்தானுங்க" என்றாள் ஞானாம்பாள், புருஷனிடம். "சாவியை வாங்கீருங்க. என்ற கொழுந்தனை வாரிக் குடுத்தது போதும்."

கன்னையன் ஹேண்டிலைக் கீழே வைத்தான். சாவியை எடுத்தான். முதலாளி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வேலாத்தாள் கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தாள். இத்தனை சனத்துக்கு முன்னால் அவள் அதுவரைக்கும் வாய் திறந்து பேசியதில்லை. கிட்டே வரவில்லை, எட்டி நின்று கையைக் கூப்பினாள்.

"அவிங்க கையில குத்தமில்லீங்க. நாந்தானுங்க. வௌக்கு மங்குதேன்னு தூரத்தோட உள்ள போயிட்டனுங்க. பேட்டரிக்குத் தண்ணி ஊத்துனனுங்க. நான் தொட்டதும் அணைஞ்சு போச்சுங்க. என்னை என்ன வேணா பண்ணிக்கங்க, அவிங்க கையைச் சொல்லாதீங்க."

சொல்லிவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். ஞானாம்பாள் சாரதாமணியை இழுத்துக்கொண்டு பின்னால் நகர்ந்தாள். கம்பெனி ஆட்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். முதலாளி நிமிர்ந்தார். வெகு நேரம் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தவர் விட்ட மாதிரி ஒரு மூச்சு விட்டார்.

"கையில குத்தமில்லை. தீட்டுப் பட்டுருக்குது" என்றார். "கழுவிப் பரிகாரம் பண்ணிக்கலாம். கன்னையா, நீ வண்டியைப் பாரு."

கன்னையன் வண்டியைப் பார்த்தான். பெண்டாட்டியைப் பார்க்கவில்லை. பத்துப் பேர் சேர்ந்து காரைப் பின்பக்கமாகத் தள்ளினார்கள். எலுமிச்சம்பழம் பின்னோக்கி நசுங்குவதைக் காணச் சகிக்காமல் ஞானாம்பாள் கண்ணைப் பொத்திக்கொண்டாள். வீதியில் திருப்பி, ஆற்றுப் பக்கம் இறங்குகிற சரிவில் ஓட ஓடத் தள்ளியபோது, எங்கேயோ கீழே இஞ்சின் இருமிப் பிடித்துக்கொண்ட சத்தம் கேட்டது. பேட்டரியைக் கழற்றிச் சார்ஜுக்குப் போட்டுவிட்டு அவன் வீடு வரும்போது உச்சிப்பொழுது ஆகிவிட்டது. அதற்குள் வேலாத்தாளுக்குத் தலைக்கு ஊற்றி, ஷெட்டு பூராவும் மஞ்சள் தண்ணீர் தெளித்தாயிற்று. இனிமேல் அவள் ஷெட்டுக்குள் கால் வைக்கக் கூடாது, ஆயுத பூசை வந்தால் கொமரலிங்கத்துக்குப் போய்விட வேண்டும் என்று ஞானாம்பாள் முடிவு சொன்னாள். கன்னையனுக்கு வேலை நிலைத்தது. கைராசியும் நிலைத்தது. அதுவே போதும் என்று வேலாத்தாள் கும்பிட்டு வாங்கிக்கொண்டாள்.

நடந்தது அவ்வளவுதான் என்றால் நன்றாக இருந்திருக்கும். பயம் எங்கே போகும்? அந்தச் சேலையைத் துவைத்துக் காயப்போட்டபோது, அன்றைக்குத் தண்ணீர் தெறித்த இடமெல்லாம் ஓட்டை ஓட்டையாக உதிர்ந்துவிட்டது. முருகன் வேலால் குத்திய ஓட்டை என்றே அவள் நினைத்தாள். கன்னையனிடம் கொண்டுபோய்க் காட்டினாள். அவன் அதை விரித்துப் பார்த்துவிட்டு, எலி கடித்திருக்கும் என்று மடித்துக் கொடுத்தான். எலி இப்படிக் கடிக்காது என்று அவளுக்குத் தெரியாதா? தன்னைத் தேற்றுகிறான் என்று எடுத்துக்கொண்டாள்.

அடுத்த வருஷம் வயிற்றில் தங்கிய பிள்ளை கலைந்துபோயிற்று. அவள் அழவில்லை. வர வேண்டியது வந்தது என்று சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டாள். அதற்குப் பின்னால் தங்கவே இல்லை. அதற்கும் அவளிடம் காரணம் தயாராக இருந்தது. அதிலிருந்து அவள் விளக்கைத் தொடுவதில்லை. தான் தொட்டால் அணைந்துவிடும். பொழுது சாய்ந்தால் கன்னையன்தான் வீட்டில் விளக்கேற்ற வேண்டும். எங்கே போயிருந்தாலும் வந்து, தீப்பெட்டியை எடுத்து, ஒரு வார்த்தை பேசாமல் ஏற்றுவான். டிரைவர் பெண்டாட்டிக்குச் செய்கிற சேவகத்தைப் பாரு என்று அக்கம்பக்கத்தில் சிரித்தார்கள். அவளுக்கோ, இப்படி ஒரு புருஷன் கிடைத்தானே என்று உள்ளுக்குள் உருகிற்று.

முதலாளிக்கு அந்த வருஷம் ஆர்டர் கொட்டியது. பரிகாரம் பலித்தது என்றாள் ஞானாம்பாள். அவர் மட்டும் வேலாத்தாள் எதிரே வந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார். தீட்டுக்காரி என்று ஒதுங்குகிறார் என்று இவளும் சுவரோடு ஒண்டி வழிவிடுவாள். ஆனால் தீபாவளிக்குத் தீபாவளி அவளுக்கு மட்டும் நல்ல நூல் சேலையாகப் பார்த்து எடுத்து அனுப்புவார். அவ்வளவு பெரிய குத்தம் செய்தவளுக்கும் சேலை கொடுக்கிற மனசு யாருக்கு வரும் என்று அதைக் கண்ணில் ஒற்றிக்கொள்வாள்.

வருஷங்கள் ஓடின. சாரதாமணிக்குக் கல்யாணம் வந்தது. மாப்பிள்ளை வீட்டார் ஈரோட்டிலிருந்து வாடகைக் காரில் வந்திருந்தார்கள். பந்தலுக்குப் பின்னால் வேலாத்தாள் எச்சில் இலை எடுத்துக்கொண்டிருந்தபோது, அந்தக் காரின் டிரைவர் நாலு பையன்களைக் கூப்பிட்டு வண்டியைத் தள்ளச் சொல்லிக்கொண்டிருந்தார். மயில்சாமி என்று பேர், சிரித்த முகம். ராத்திரி வந்து நிறுத்தினபோது லைட்டை அணைக்க மறந்து தூங்கிவிட்டதாகவும், பேட்டரி இறங்கிப்போய்விட்டதாகவும் தன்னையே திட்டிக்கொண்டு எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார்.

வேலாத்தாள் கையில் இருந்த இலைகளைக் கீழே வைத்தாள். அறியாத ஆண்பிள்ளையிடம் போய்ப் பேசுகிறவள் அல்ல. அன்றைக்குப் போனாள். லைட்டு எரிந்தால் பேட்டரி செத்துப்போகுமா என்று கேட்டாள். பின்னே, இஞ்சின் ஓடாமல் லைட்டு மட்டும் எரிந்துகொண்டே இருந்தால் எந்த பேட்டரியும் செத்துத்தான் போகும், லைட்டு மஞ்சளாகி, சிவப்பாகி, கடைசியில் தானாக அணைந்துவிடும் என்றார் அவர். அவருடைய காக்கி கால்சட்டையின் முழங்காலில் ஓட்டை ஓட்டையாக இருந்தது. அவள் அதையே பார்ப்பதைக் கண்டு, இது பேட்டரி ஆசிட்டுப் பட்டது அம்மிணி, துணியைத் தின்றுவிடும் என்று சிரித்தார்.

"பொம்பளை தொட்டா என்னாகுமுங்க? தூரத்தோட?"

மயில்சாமிக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. அவள் முகத்தைப் பார்த்து நிதானமாகச் சொன்னார்.

"ஒண்ணும் ஆகாதுங்க அம்மிணி. இரும்புக்கும் ஈயத்துக்கும் அதெல்லாந் தெரியாது. என்ற பேட்டரிக்கு எப்பவும் தண்ணி ஊத்தறதே என்ற ஊட்டுக்காரிதான்."

அன்று அந்திக்குக் கன்னையன் அறைக்கு வந்து, வழக்கம்போலத் தீப்பெட்டிக்காக மாடத்துப் பக்கம் கையை நீட்டினான். பெட்டி அங்கே இல்லை. வேலாத்தாள் அதைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"அன்னிக்கே உங்களுக்குத் தெரியுமுங்களா?" என்றாள்.

என்றைக்கு என்று அவன் கேட்கவில்லை. அதிலேயே அவளுக்குப் பதில் கிடைத்துவிட்டது. அவனும் உட்கார்ந்தான். சுவிட்ச் இழுத்தபடியே இருந்ததை ஏறி உட்கார்ந்ததும் பார்த்துவிட்டதாகவும், முதலாளி போட்ட லைட்டு என்று அத்தனை பேருக்கு முன்னால் எப்படிச் சொல்வது என்று சுவிட்சை உள்ளே தள்ளிவிட்டு இறங்கிவிட்டதாகவும் சொன்னான். அவள் வந்து பழியை ஏற்றுக்கொண்டதும் வேலை தப்பித்துவிட்டது. பிறகு அவளிடம் சொன்னால், எங்கேயாவது வாய் தவறி வந்துவிடுமோ என்று பயந்தான். நாள் போகப் போக, இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாளே என்று அது வேறு பயம்.

வேலாத்தாள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். சத்தம் போடவில்லை.

"மொதலாளிக்குப் பயந்தீங்க, செரி. எனக்குந்தான் பயம். உங்க கையைக் காப்பாத்தோணும்னுதான் நான் உள்ளயே போனேன். தெனமும் பொழுதோட வந்து எனக்காக வௌக்குப் பத்த வெச்சீங்களே, அப்ப இந்த ஊட்டுக்குள்ள நீங்களும் நானுந்தான இருந்தோம்? புள்ளை போயி நான் சொவுத்தைப் பாத்துப் படுத்துக் கெடந்தனே, அப்பக்கூட என்ற காதுல ஒரு வார்த்தை சொல்லத் தோணலீங்களா?"

வெளியே பந்தலில் கல்யாணத்து லைட்டெல்லாம் எரிந்தது. அறை இருட்டிக்கொண்டு வந்தது. வேலாத்தாள் எழுந்து மாடத்துக்குப் போய், தானே குச்சியைக் கிழித்தாள். காரணம் தெரிந்துவிட்டது என்பது கைக்கு எட்டவில்லை போலிருக்கிறது, பழையபடி நடுங்கியது. குச்சி அணைந்தது. இன்னொன்றைக் கிழித்தாள், அதுவும் அணைந்தது. கன்னையன் பழக்கத்தில் எழுந்து வந்து பெட்டிக்காகக் கையை நீட்டினான். அவள் கொடுக்கவில்லை.